ஒரு தட்டு நிற்க, இரண்டு தட்டு போக

கல்முனைக்கு ரயில் இல்லை. தண்டவாளம் மட்டக்களப்போடு முடிந்துவிடும். அதற்குத் தெற்கே பிறந்து வளர்ந்தவர்கள் ரயில் பார்க்க வேண்டுமென்றால் ஒன்றில் பாடப்புத்தகத்தைத் திறக்க வேண்டும், இல்லாவிட்டால் பஸ் ஏற வேண்டும். அப்படிப்பட்ட ஊரில் ஒரு மனிதருக்கு ரயிலால் பட்டப்பெயர் வந்தது வேடிக்கைதான். கச்சிமுகம்மது என்ற பெயர் அவருடைய சாரதி அனுமதிப்பத்திரத்தில் மட்டும் பத்திரமாக இருந்தது. பஸ் நிலையத்திலும் மீன் சந்தையிலும் பள்ளிவாசலிலும் அவர் "நிப்பாட்டிக் காக்கா"; அங்கே காக்கா என்றால் அண்ணன்.

சவளக்கடை வயல்களில் உழவு மெஷின் ஓட்டிப் பழகிய கை அவருடையது. பிறகு நெல் லொறி, அதற்குப் பிறகு கல்முனையிலிருந்து கொழும்புக்குப் போகும் பகல் பஸ். ஓட்டத்தில் அவரிடம் ஒரு குறையும் சொல்ல முடியாது. ரயில் கடவையில்தான் சனத்தின் பொறுமை போய்விடும். வாழைச்சேனையைத் தாண்டி, காட்டுக்குள் வீதியைத் தண்டவாளம் குறுக்கறுக்கும் இடம் ஒன்று இருந்தது. படலை இல்லை, மணி இல்லை, காவலுக்கு ஆளும் இல்லை. என்ஜின் படம் போட்ட பலகை ஒன்று மட்டும் துருவேறி நின்றது. சட்டப்படி எல்லா வாகனமும் அங்கே நின்று பார்த்துத்தான் போக வேண்டும். மற்றச் சாரதிகள் பிரேக்கில் காலை வைத்து எடுத்து, நின்றதாகப் பேர் பண்ணிக்கொண்டு போவார்கள். இவர் நிற்பதென்றால் நிற்பதுதான்.

பலகைக்குப் பத்து எட்டு நடக்கும் தூரம் முன்னாலேயே பஸ் நின்றுவிடும். ரேடியோவை நிறுத்துவார், கண்ணாடியை இறக்குவார், என்ஜினையும் நிறுத்துவார். கதைத்துக்கொண்டிருப்பவர்களை ஒருமுறை திரும்பிப் பார்ப்பார்; அந்தப் பார்வைக்கே பஸ் அடங்கிப்போகும். கொண்டக்டர் இறங்கித் தண்டவாளம் வரைக்கும் நடந்துபோய் இரண்டு பக்கமும் பார்த்தாக வேண்டும். முன்னால் போகும் வாகனம் அந்தப் பக்கம் போய்ச் சேரும் வரைக்கும் பின்னால் ஏறக்கூடாது. முதலாம் கியரிலேயே கடக்க வேண்டும், தண்டவாளத்தின் மேல் கியர் மாற்றவே கூடாது. ரயில் ஒன்று போய்விட்டதென்று உடனே எடுக்கவும் கூடாது, மறுபடி பார்க்க வேண்டும். தொழுகையில் ஒன்றை விட்டால் எப்படியோ, இதில் ஒன்றை விட்டாலும் அவருக்கு அப்படித்தான். சுபஹுத் தொழுகைக்குச் சைக்கிளில் போகும்போதுகூட இந்த மனிசன் வீதியில் ஏறும் ஒழுங்கை வாயில் காலூன்றி நின்று இரண்டு பக்கமும் பார்க்கிறார் என்று அவர் மனைவி சுபைறா அயலெல்லாம் சொல்லிச் சிரிப்பாள்.

இந்த ஒழுங்கு வந்தது ஒரே ஒரு சொல்லால். சமாதான காலம் என்று எல்லோரும் சொல்லிக்கொண்டிருந்த இரண்டாயிரத்து மூன்றில் அந்தப் பாதையில் சண்டையால் நின்றிருந்த ரயில் மறுபடி ஓடத் தொடங்கியிருந்தது. அவ்வளவு காலமும் மாடு படுத்துக் கிடந்த தண்டவாளம். ரயில் என்ற ஒன்று வரும் என்பதையே சனம் மறந்திருந்தது. அப்போது அவருடைய கொண்டக்டர் ஸலாஹுதீன், சாய்ந்தமருதுக்காரன், முப்பது வயதைத் தாண்டியவன், ஊரைக் கூட்டும் குரல். பஸ்ஸில் "றைட்" என்றால் எடுக்கலாம் என்று அர்த்தம். அதை யாரும் யாருக்கும் சொல்லிக்கொடுப்பதில்லை. அன்றைக்குக் கடவையில் இறங்கிய ஸலாஹுதீன் வலப்பக்கமாக ரயில் வருவதைக் கண்டு பதறிப்போய் "றைட்டில, றைட்டில" என்று கத்தினான். கச்சிமுகம்மதுவுக்கு முன் பாதி மட்டும்தான் காதில் விழுந்தது. பஸ்ஸை எடுத்துவிட்டார். ரயில் முன் பம்பரைத் தொடாமல் போனது அல்லாஹ்வின் கிருபையால்தான்.

அடுத்த தேநீர்க் கடையில் இருவரும் குந்தியிருந்து ஒரு முடிவுக்கு வந்தார்கள். இனிமேல் கடவையில் வாய் திறப்பதில்லை. ஸலாஹுதீன் பார்த்துவிட்டு வந்து பஸ்ஸின் தகரத்தில் உள்ளங்கையால் தட்டுவான். ஒரு தட்டென்றால் நிற்க வேண்டும். இரண்டு தட்டென்றால் போகலாம். அவனுக்கு நெல் மூட்டை தூக்கிய அகலமான கை. தட்டினால் கச்சிமுகம்மதுவின் முதுகில் வந்து விழும். நாளடைவில் கடவையில் மட்டுமில்லை, பின்னுக்கு எடுக்கும்போதும், ஒடுங்கிய பாலத்திலும், மழைக்கு உடைந்த வீதியிலும் அவர்கள் இருவருக்கும் அதுவே பேச்சாகிவிட்டது.

அடுத்த வருடம் டிசம்பர் இருபத்தாறு, ஞாயிற்றுக்கிழமை. பௌர்ணமிப் போயா விடுமுறை, ஓட்டம் இல்லை. ஸலாஹுதீனின் வீட்டுக்குப் பக்கத்து வெறும் வளவில், கடலுக்குக் கூப்பிடு தூரத்தில் பஸ்ஸை நிறுத்தி இருவரும் கழுவிக்கொண்டிருந்தார்கள். முதலில் கடல் முழங்கால் உயரத்துக்கு ஒழுங்கைக்குள் வந்து, வந்த வழியே திரும்பிப் போனது. சனம் பேயறைந்தாற்போல் நின்றது. முதலில் அசைந்தவன் ஸலாஹுதீன்தான். அயலில் கண்ணில் பட்ட பெண்களையும் பிள்ளைகளையும் பின்கதவால் பஸ்ஸுக்குள் தூக்கித் தூக்கிப் போட்டான். அவனுடைய மனைவி ஸகியா மூன்று வயது மகள் ஸுஹைறாவை மடியில் வைத்துக்கொண்டு பின் சீற்றில் ஒடுங்கியிருந்தாள். கச்சிமுகம்மது என்ஜினை எழுப்பினார். பின் சில்லு ஈர மணலுக்குள் சுற்றியது. ஸலாஹுதீன் தள்ளுவதற்குப் பின்னால் ஓடினான்.

அப்போதுதான் அந்தச் சத்தம் வந்தது. அது என்னவென்று அங்கே நின்ற யாருக்கும் தெரியவில்லை. கச்சிமுகம்மதுவுக்குத் தெரிந்தது. அது ரயில். தண்டவாளமே இல்லாத ஊரில், கடற்கரைப் பக்கமிருந்து ரயில் வந்துகொண்டிருந்தது. அவருடைய கையும் காலும் தம் பாட்டில் பழகிய வேலையைச் செய்தன. கிளச்சை மிதித்தபடி அசையாமல் இருந்து, தட்டு விழும் வரைக்கும் காத்திருந்தார். தட்டு விழுந்தது. ஒன்று, அதை ஒட்டி இன்னொன்று. கிளச்சை விட்டார். பஸ் மணலை உதறிக்கொண்டு பாய்ந்தது. பிரதான வீதியில் ஏறி, வயல் பக்கம் போய்த்தான் நிறுத்தினார். நாற்பத்தொரு பேர் இறங்கினார்கள். ஸலாஹுதீன் அதில் இல்லை.

அடக்கம் செய்ய அவனுடைய ஜனாஸா கிடைக்கவில்லை. வீடிழந்து பள்ளிக்கூடத்தில் தங்கியிருந்தவர்களுக்குள் ஸகியா ஒரு சேலைத் திரைக்குப் பின்னால், கணவனை இழந்தவள் ஆண்கள் கண்ணில் படாமல் ஒதுங்கியிருக்கும் இத்தாவில் இருந்தாள். கச்சிமுகம்மது திரைக்கு இந்தப் பக்கம் நின்று, ஸலாஹுதீன் கடைசியாக இரண்டு தட்டுத் தட்டினான், போகச் சொல்லித்தான் தட்டினான் என்று சொன்னார். உள்ளேயிருந்து ஒரு சத்தமும் வரவில்லை. நெடுநேரம் நின்று பார்த்துவிட்டுத் திரும்பி வந்தார். தன்னில் குற்றம் கண்டுதான் அவள் வாய் திறக்கவில்லை என்று அவருக்குப் பட்டது. அதன் பிறகு வீதியில் கண்டாலும் அவள் முந்தானையை இழுத்துக்கொண்டு விலகித்தான் போனாள்.

அவளைக் குறை சொல்ல அவருக்கு மனம் வரவில்லை. ஏனென்றால் அவருக்கே சந்தேகம் இருந்தது. முதல் தட்டு ஸலாஹுதீனுடையது, அதில் மாற்றமில்லை. அந்த இரண்டாவது தட்டுத்தான் சரியில்லை. மெலிந்த தட்டு, தகரத்தின் உள்பக்கமிருந்து வந்த மாதிரி, கூடவே ஒரு சின்னக் கிலுக்கமும். அது ஸலாஹுதீனின் கை இல்லை. அப்படியென்றால் யாருடைய கை? தான் தப்பிப் போகவேண்டும் என்ற பயம்தான் காதுக்குள் அந்த இரண்டாவது தட்டைத் தட்டியது என்று அவர் நினைக்கத் தொடங்கினார். நில், நானும் ஏறவேண்டும் என்று ஒரு தட்டுத் தட்டிய மனிதனை விட்டுவிட்டு வந்தேனா என்ற கேள்வி அவரைச் சோறு தின்ன விடவில்லை.

இரண்டு மாதம் கழித்து மறுபடி பஸ் எடுத்தார். புதிய கொண்டக்டர் றிபாத், இரண்டு பிள்ளைகளின் தகப்பன், சொன்னதைக் கேட்கும் மனிதன். கடவையில் இறங்கிப் பார், கையைக் காட்டு, ஆனால் தகரத்தில் தட்டாதே என்று அவனுக்குச் சொல்லியிருந்தார். முதல் நாள் றிபாத் இறங்கிப் போய்த் தண்டவாளத்தின் நடுவில் நின்று இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்துக்கொண்டிருந்தான். பஸ்ஸுக்குப் பக்கத்தில் ஒரு சீவனும் இல்லை. அப்போது பின்கதவுக்கு அப்பால், இடப்பக்கத் தகரத்தில் ஒரு தட்டு விழுந்தது. கனத்த தட்டு. அதை ஒட்டி மெலிந்ததாக இன்னொன்று, அந்தக் கிலுக்கத்தோடு. கண்ணாடியில் பார்த்தார். வெறும் வீதியும் காடும்தான் தெரிந்தன.

சீற்றில் இருந்தவர்கள் யாரும் தலை நிமிரவில்லை. அவர் பிஸ்மி சொல்லிக்கொண்டு முதலாம் கியரில் கடந்தார். அன்றிலிருந்து ஒவ்வொரு பயணத்திலும் அந்தத் தட்டு விழுந்தது. அவருக்குப் பயம்தான். சுபைறாவிடமும் சொல்லவில்லை. ஆனால் அதைக் கேட்காமல் பஸ்ஸை எடுக்கவும் மனம் துணியவில்லை. றிபாத் கையைக் காட்டினாலும், இரண்டு தட்டும் விழுந்த பிறகே எடுப்பார். ஒருமுறை பஸ்ஸைத் துடைத்துக்கொண்டிருந்த றிபாத், பின்பக்கத் தகரத்தில் ஓர் இடத்தில் மட்டும் உப்புப் பூத்திருக்கிறது, எத்தனை தரம் கழுவினாலும் வருகிறது என்றான். கடற்கரை ஊர் பஸ் அப்படித்தான் இருக்கும் என்று மழுப்பிவிட்டார்.

பிறகு சண்டை மறுபடி மூண்டது. கடவையடியில் மண்மூட்டை அடுக்கி ஒரு காவலரண் போட்டார்கள். படையினர் மறித்ததால் எல்லா வாகனமும் நின்றே ஆகவேண்டியிருந்தது. நிப்பாட்டிக் காக்காவைக் கேலி செய்ய அந்தக் காலத்தில் ஆளில்லை. இரண்டாயிரத்து ஒன்பது வைகாசியில் யுத்தம் முடிந்தது. சில மாதங்களில் அந்தக் காவலரணையும் எடுத்துவிட்டார்கள். மண்மூட்டை இருந்த இடத்தில் புல் முளைத்தது. மறிக்க ஆளில்லை என்றானதும் சாரதிகளுக்குக் கால் நீண்டுவிட்டது. வேன்களும் லொறிகளும் பலகையைக் கண்டதாகவே காட்டிக்கொள்ளாமல் பறந்தன. பஸ் முதலாளி மீராசாஹிபு, மற்ற பஸ்களெல்லாம் அரை மணித்தியாலம் முந்திப் போய்ச் சேருகின்றன, இனியும் எதற்கு அங்கே தவம் கிடக்கிறீர்கள் என்று கேட்டார். படையினர்தான் போயிருக்கிறார்கள், ரயில் போகவில்லை என்று கச்சிமுகம்மது சொன்னார். முதலாளிக்கு அது பிடிக்கவில்லை.

அந்த வருடம் டிசம்பர் மழையில் ஒரு நாள் காலை ஸகியா பஸ் ஏறினாள். அவளுக்கு மறுநாள் விமானம். சவூதியில் வீட்டு வேலை. எட்டு வயதாகியிருந்த ஸுஹைறாவைத் தன் உம்மாவிடம் விட்டுவிட்டு வந்திருந்தாள். நிப்பாட்டிக் காக்காவின் பஸ் என்றால் பயமில்லை என்று வீட்டார்தான் அதில் அனுப்பினார்கள். முன்னால் இடப்பக்கத்து ஒற்றை சீற்றில் அவளை இருத்தினார்கள். ஐந்து வருடத்துக்குப் பிறகு அந்த இருவரும் இரண்டு முழத் தூரத்தில் இருந்தார்கள். கடவைக்கு முந்திய ஓட்டமாவடி வரைக்கும் ஒருவரோடொருவர் ஒரு வார்த்தை பேசவில்லை.

கடவைக்கு வந்தபோது காலை ஒன்பது மணி இருக்கும். மழை விட்டிருந்தது. காட்டுக்குள்ளிருந்து எழும்பிய பனிப்புகார் வீதியில் இறங்கிக் கிடந்தது. கச்சிமுகம்மது பலகைக்குப் பத்து எட்டு முன்னால் நிறுத்தி, ரேடியோவையும் என்ஜினையும் அணைத்துக் கண்ணாடியை இறக்கினார். பின்னால் வந்த வேன் ஹோன் அடித்தது, பிறகு வெட்டி எடுத்து முந்திக்கொண்டு கடவையைக் கடந்து புகாருக்குள் போய்விட்டது. ஒன்றும் ஆகவில்லை. அதைக் கண்டதும் பஸ்ஸுக்குள் முணுமுணுப்புக் கிளம்பியது. றிபாத் தண்டவாளத்தில் நின்று இரண்டு பக்கமும் பார்த்தான். புகாருக்குள் எவ்வளவு தெரிந்ததோ, கையைக் காட்டி வரச் சொன்னான்.

கச்சிமுகம்மது காத்திருந்தார். தட்டு விழுந்தது. கனத்த தட்டு, பின்கதவுக்கு அப்பால், எப்போதும் விழும் அதே இடத்தில். இரண்டாவதுக்குக் காதைக் கொடுத்தார். அது வரவில்லை. றிபாத் மறுபடி கையைக் காட்டினான். பின்னால் இன்னொரு லொறி ஹோன் அடித்தது. கண்ணாடியில் ஈரத் தகரம் மட்டும் தெரிந்தது. நடு சீற்றில் இருந்த ஒருவர் எழும்பி வந்து, ரயிலெல்லாம் மட்டக்களப்பில் நித்திரை, நேர்முகப் பரீட்சைக்குப் போக வேண்டும், எடுங்கள் என்று தோளில் கைவைத்துச் சொன்னார். கச்சிமுகம்மதுவின் கை சாவியில் இருந்தது. திருப்பினால் முடிந்தது. முன்பும் ஒருமுறை இப்படித்தான் எடுத்தேன் என்ற நினைப்பு வந்து அவரைப் பிடித்தது.

"ஒண்டுதான் விழுந்திரிக்கி" என்றார்.

யாருக்கும் அது விளங்கவில்லை. ஸகியா மட்டும் முன்னால் இருந்த கம்பியை இறுக்கிப் பிடித்தாள்.

முதலில் சத்தமாக வரவில்லை. ஸ்டியரிங்கில் ஒரு நடுக்கமாக வந்தது. காட்டில் கத்திக்கொண்டிருந்த குருவியெல்லாம் ஓய்ந்துவிட்டது. றிபாத் தன் காலடியைக் குனிந்து பார்த்தான், பிறகு ஒரே பாய்ச்சலில் வீதியோரப் பள்ளத்துக்குள் விழுந்தான். அந்தச் சத்தம் எழும்பியது. ஐந்து வருடத்துக்கு முன்னால் கடல் பக்கமிருந்து வந்த அதே சத்தம். புகாரைக் கிழித்துக்கொண்டு ரயில் வந்தது, பஸ்ஸின் முகத்துக்கு நேரே பெட்டி பெட்டியாகப் போய்க்கொண்டேயிருந்தது. தகரமெல்லாம் அதிர்ந்தது. ஹோன் அடித்தது என்று சிலரும் அடிக்கவில்லை என்று சிலரும் பிறகு சாதித்தார்கள். தோளில் கை வைத்தவர் படிக்கட்டில் அப்படியே குந்திவிட்டார்.

சத்தம் அடங்கியதும் சனம் இறங்கி றிபாத்தைத் தூக்க ஓடியது. முன்னால் அவர்கள் இருவரும்தான் மிஞ்சினார்கள். கச்சிமுகம்மது அவள் பக்கம் திரும்பவில்லை. கண்ணாடிக்கு வெளியே பார்த்தபடியே பேசினார்.

"தங்கச்சி, நான் உங்களுக்குப் பொய் சொல்லிட்டன். அண்டைக்கு ஸலாஹுதீன் ஒண்டுதான் தட்டினான். நிக்கச் சொல்லித்தான் தட்டியிரிக்கான். நான்தான் ரெண்டெண்டு எடுத்துக்கிட்டு வந்திட்டன்."

ஸகியா பிடித்திருந்த கம்பியை விட்டாள்.

"இல்ல காக்கா, ரெண்டுதான் விழுந்திச்சி" என்றாள். "மத்தத நான் தட்டினன்."

அவர் திரும்பினார்.

"தண்ணி அவர்ர தலைக்கு மேலால எழும்பி நிண்டிச்சி. புள்ள மடியில. நீங்க ஒண்டுக்கு நிண்டிருவீங்க எண்டு அவரு சொல்லி எனக்குத் தெரியும். நான் உள்ளுக்கு இருந்து தட்டினத்த அவரு கண்டாரு. கண்டிட்டு, பஸ்ஸில வெச்சிருந்த கைய எடுத்திட்டாரு."

அந்தக் கிலுக்கம் நினைவுக்கு வர, கச்சிமுகம்மது அவளுடைய மணிக்கட்டைப் பார்த்தார். முன்பெல்லாம் ஸலாஹுதீன் கொழும்பிலிருந்து திரும்பும்போது அவளுக்குக் கண்ணாடி வளையல் வாங்கி வருவான், சீற்றுக்கடியில் உடையாமல் வைக்க இடம் தேடுவான். இப்போது அந்தக் கை வெறுங்கையாக இருந்தது. அவள் அவரில் குற்றம் காணவில்லை. தட்டின் சத்தத்தைக் கொண்டே இந்த மனிசனுக்கு எல்லாம் தெரிந்திருக்கும் என்று பயந்துதான் ஐந்து வருடமும் விலகி விலகிப் போயிருந்தாள். அவருக்குத் தன் துக்கத்தைவிட அவளுடையது பெரிது என்று பட்டது.

சனம் சத்தமில்லாமல் ஏறி உட்கார்ந்தது. ரயில் போனாலும் மறுபடி பார்க்க வேண்டும் என்பது ஒழுங்கு. சேறு படிந்த உடுப்போடு றிபாத் திரும்பவும் தண்டவாளத்துக்குப் போனான், இந்தமுறை நெடுநேரம் பார்த்தான், இரண்டு கையையும் காட்டினான். கச்சிமுகம்மது என்ஜினை எழுப்பிவிட்டுக் காத்திருந்தார். தட்டு விழவில்லை. கண்ணாடியில் வீதி வெறிச்சோடிக் கிடந்தது. எடுங்கள் என்று பஸ்ஸில் ஒருவரும் சொல்லவில்லை. இனி அது விழாது என்று அவருக்குத் தெரிந்தது. விழாமல் எப்படி எடுப்பதென்றுதான் தெரியவில்லை.

ஸகியா தன் பக்கத்துக் கண்ணாடியைத் தள்ளித் திறந்தாள். கையை வெளியே நீட்டி ஈரத் தகரத்தில் ஒரு தட்டுத் தட்டினாள். கையை எடுக்காமல் அப்படியே சிறிது நேரம் வைத்திருந்தாள். பிறகு இன்னொன்று தட்டினாள்.

அவர் முதலாம் கியரைப் போட்டார்.